மீநாயகனும் அறிதலும்: ‘என் இனிய இயந்திரா’வை முன்வைத்து ஒரு கருத்துரை

முன்னுரை

தமிழ் வீடுகளில் தொலைக்காட்சி என்றால் தூர்தர்ஷன் ஒன்றே என்றிருந்த காலத்தில் சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’ தொடராக ஒளிபரப்பானது. அப்போது நான் பிறந்திருக்கவில்லை. கடலூர் முதுநகரில் பக்கத்து வீட்டுக் கூடத்தில் தெருப் பிள்ளைகளோடு அமர்ந்து அதைப் பார்த்ததாக என் தந்தை சொல்வார். கதையின் போக்கு அவருக்குப் பெரிதும் மறந்துவிட்டது. இரண்டு செய்திகள் மட்டும் நினைவில் நிற்கின்றன. ஒன்று, மனிதரைப் போலப் பேசும் இயந்திர நாய். மற்றொன்று, நாட்டை ஆண்டவன் என்று எல்லாரும் நம்பிய ஒருவன் உண்மையில் இல்லவே இல்லை என்பது.

தமிழ் அறிவியல் புனைவு குறித்த என் முனைவர் பட்ட ஆய்வின் ஒரு பகுதியைச் சில ஆண்டுகளுக்கு முன் ஓர் ஆய்வரங்கில் படித்தேன். மூத்த பேராசிரியர் ஒருவர் எழுந்து, “இதில் இலக்கியம் எங்கே இருக்கிறது?” என்று வினவினார். அவர் ஏளனமாகக் கேட்கவில்லை. உண்மையான ஐயத்தோடுதான் கேட்டார். அன்று நான் அளித்த விடை எனக்கே நிறைவளிக்கவில்லை. என் தந்தையின் நினைவில் எஞ்சிய அந்த இரண்டு செய்திகளிலேயே அதற்கான விடை இருந்தது என்று இப்போது தோன்றுகிறது. அதனை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

எதிர்காலக் கொடுங்கோன்மையைச் சித்திரிக்கும் தொடர்களை நாயகனின் வலிமை கொண்டு மதிப்பிடுவது வழக்கமாகிவிட்டது. அறிதலுக்கு அத்தொடர் அளிக்கும் இடத்தைக் கொண்டே அதனை மதிப்பிட வேண்டும் என்பதும், இந்த அளவுகோல் தமிழ் மரபிலேயே உண்டு என்பதும் என் கருத்து.

மீநாயகனும் கேட்டுலகும்

இயல்பு கடந்த ஆற்றலுடைய ‘சூப்பர் ஹீரோ’வை இக்கட்டுரையில் மீநாயகன் என்றும், அறம் முற்றும் அழிந்த எதிர்காலச் சமூகத்தைக் கேட்டுலகு என்றும் குறிப்பிடுகிறேன். இரண்டும் தமிழருக்குப் புதியன அல்ல. 1972ஆம் ஆண்டு முத்து காமிக்ஸின் முதல் இதழாக இரும்புக்கை மாயாவி வெளிவந்தான். 1997ஆம் ஆண்டு தூர்தர்ஷனில் இந்தி மொழியில் தொடங்கிய ‘சக்திமான்’ பின்னர் தமிழ் பேசி நம் வீடுகளுக்கும் வந்தது. என் தலைமுறையினரின் குழந்தைப் பருவத்தைச் சக்திமானின் சுழற்சியின்றி நினைத்துப் பார்க்க இயலாது.

மீநாயகன் கேட்டுலகிற்குள் நுழையும்போது அவனது ஆற்றலே கேள்விக்குள்ளாகிறது. அமெரிக்கத் தொலைக்காட்சியில் 2017–18ஆம் ஆண்டுகளில் ஒளிபரப்பான ‘ஏஜென்ட்ஸ் ஆஃப் ஷீல்டு’ தொடரின் ஐந்தாம் பருவம் இதற்குத் தக்க சான்று. அதன் முற்பகுதி 2091ஆம் ஆண்டில் நிகழ்கிறது. பூமி உடைந்து சிதறிவிட்டது. எஞ்சிய மனிதர் சிலர் நிலவறைக் காப்பகம் ஒன்றில் க்ரீ என்னும் வேற்றுலகத்தாருக்கு அடிமைகளாக வாழ்கின்றனர். அவர்களுடைய பிறப்பைக்கூட ஆள்வோரே கட்டுப்படுத்துகின்றனர். நிகழ்காலத்திலிருந்து அங்கே கொண்டுசெல்லப்படும் குழுவினர் ஒரு செய்தியை அறிந்து திகைக்கின்றனர்: நிலத்தை அதிரச் செய்யும் ஆற்றல் படைத்த தங்கள் தோழி டெய்சி ஜான்சனே பூமியை அழித்தவள் என அவ்வுலகம் நம்புகிறது. அதனால் அவள் தன் காலத்திற்குத் திரும்பவே மறுக்கிறாள்.

காப்பவரின் வலிமையே அழிவின் காரணமாகவும் ஆகலாம் என்ற ஐயத்தை இப்பருவம் துணிந்து எழுப்புகிறது. அது பாராட்டத்தக்கது. ஆயினும் அந்த ஐயம் பெரிதும் ஆற்றல் படைத்த சிலரின் மனப்போராட்டமாகவே வளர்கிறது. காப்பகத்தின் இருளில் வாழும் எளியோருக்குத் தம் நிலையைத் தாமே ஆராய்ந்தறியும் வாய்ப்பு குறைவாகவே கிட்டுகிறது. ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு முன்பே தமிழில் எழுதப்பட்ட ஒரு கேட்டுலகு வேறொரு வழியைத் தேர்ந்தது.

ஜீனோவின் ஆற்றல்

‘என் இனிய இயந்திரா’ 1980களில் ஆனந்த விகடனில் தொடர்கதையாக வெளிவந்தது. பின்னரே தொலைக்காட்சிக்குச் சென்றது. கதை நிகழும் காலம் 2020களின் தொடக்கம். அன்றைய வாசகருக்கு அது தொலைதூர எதிர்காலம். இன்று நாம் கடந்துவந்துவிட்ட காலம். ஜீவா என்னும் ஒருவனின் ஆட்சியில் இந்தியா இருக்கிறது. குழந்தை பெறுவதற்கு அரசின் ஒப்புதல் வேண்டும். பெயர்கள் ஈரெழுத்துக்குள் அடங்க வேண்டும். நிலா, சிபி, ரவி, மனோ, ஜீனோ என்று கதைமாந்தர் அனைவரின் பெயரும் அவ்வாறே அமைகின்றன. பெயரைச் சுருக்கும் இச்சிறு விதி எனக்கு எப்போதும் அச்சமூட்டுவது. தந்தை பெயரும் ஊர்ப்பெயரும் குலதெய்வப் பெயரும் சேர்ந்து நீளும் தமிழ்ப் பெயர் மரபை ஓர் அரசாணை இரண்டெழுத்தாகத் தறித்துவிடுகிறது. நினைவை அழிக்க விரும்பும் அரசு முதலில் மொழியின்மீதே கைவைக்கிறது என்பதைச் சுஜாதா இதனினும் எளிதாகச் சொல்லியிருக்க முடியாது.

கணவன் சிபி காணாமற்போக, நிலா தனித்து விடப்படுகிறாள். அவள் வீட்டிற்கு வரும் ரவியின் வளர்ப்பு நாயே ஜீனோ. அது விளையாட்டுப் பொருளாகச் செய்யப்பட்ட இயந்திரம். கதையின் நடுவே அது நூல்களைப் படிக்கத் தொடங்குகிறது. படித்தவற்றை ஒன்றோடொன்று பொருத்திப் பார்க்கிறது. இட்ட பணியைச் செய்யும் நிலையிலிருந்து தானே சிந்திக்கும் நிலைக்கு உயர்கிறது. அதனால் பறக்க இயலாது. சுவரைத் தகர்க்க இயலாது. உருவமோ மடியில் தூக்கி வைத்துக்கொள்ளும் அளவுதான். இக்கதையில் மீநாயகன் என ஒன்றைச் சுட்ட வேண்டுமாயின் அது ஜீனோவே. அதன் மீயாற்றல் வாசிப்பும் வினாவும் ஆகும்.

கதையின் திருப்பமும் இதனோடு இயைந்தே அமைகிறது. ஜீவாவைக் கொல்லத் திட்டமிடுவோர் இறுதியில் கண்டறிவது, கொல்லப்படுவதற்கு அங்கே ஆளே இல்லை என்பதைத்தான். ஜீவா வெறும் ஹோலோகிராம். ஒளியால் ஆன முப்பரிமாணப் படிமம். ஒளியின்மேல் எந்தப் படைக்கலமும் பாயாது. அது ஒளி என்று அறிவதொன்றே அதனை வீழ்த்தும் வழி. கொடுங்கோலனை வெல்ல வலிமை தேவையில்லை, அறிதல் போதும் என்ற கருத்தைக் கதையின் கட்டமைப்பே நிறுவிவிடுகிறது.

இத்திருப்பம் அச்சில் ஒரு வகையாகவும் தொலைக்காட்சியில் வேறொரு வகையாகவும் பொருள்படுகிறது. நாவலில் ஜீவா ஒரு சொல். தொடரிலோ அவன் திரையில் தோன்றும் உருவம். என் தந்தை போன்ற பார்வையாளருக்கு நாட்டை ஆண்டோர் எல்லாருமே திரையில் தோன்றும் உருவங்களாகத்தான் அறிமுகமாயினர். பிரசார் பாரதி 1997இல் செயற்படத் தொடங்கும் வரை தூர்தர்ஷன் நேரடியாக நடுவணரசின் துறையாகவே இருந்தது. அரசின் திரையில், திரையுருவாக மட்டுமே வாழும் ஓர் ஆட்சியாளனின் கதை ஓடியது. எழுத்தில் இல்லாத ஒரு பொருட்சாயலை ஊடகமே இங்குக் கூட்டிவிடுகிறது. தொடர் வடிவத்தை நாவலின் நகலென்று கருதித் தள்ளிவிடுவோர் இந்த வேறுபாட்டைக் கவனிக்கத் தவறுகின்றனர்.

பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் பொறியாளராகப் பணியாற்றி, மின்னணு வாக்குப்பதிவு இயந்திரத்தின் உருவாக்கத்தில் பங்குகொண்டவர் சுஜாதா. அரசும் இயந்திரமும் சந்திக்கும் இடத்தை உள்ளிருந்து பார்த்தவருக்கே இக்கற்பனை வாய்க்கும்.

சிலம்பு காட்டும் நெறி

இனி அப்பேராசிரியரின் வினாவிற்கு வருகிறேன். அரசின் தவற்றை எதிர்த்து நின்று, இயல்பு கடந்த ஆற்றலால் நகரையே எரித்த ஒருத்தியின் கதையை நாம் ஆண்டுதோறும் வகுப்பறையில் நடத்துகிறோம். கண்ணகியை நம் முதல் மீநாயகி என்று கூறிவிடுவது எளிது. நிகழ்ச்சிகளின் வரிசையோ வேறொன்றைக் காட்டுகிறது.

கண்ணகி பாண்டியன் அவைக்குத் தீயோடு செல்லவில்லை, சிலம்போடு செல்கிறாள். வழக்கை முன்வைக்கிறாள். தன் சிலம்பின் உள்ளிடு பரல் மாணிக்கம் என்கிறாள். தன் அரசியின் சிலம்பின் பரல் முத்து என்கிறான் மன்னன். சிலம்பு உடைகிறது, மாணிக்கம் தெறிக்கிறது. அந்தக் கணமே பாண்டியன் தன் தவற்றை உணர்ந்து உயிர்விடுகிறான். மதுரை எரிவது அதற்குப் பின்னரே. மன்னனை வீழ்த்தியது தீயன்று, சான்று. அனைவரும் காண அவையில் நிறுவப்பட்ட ஓர் உண்மை செங்கோலின் வளைவைக் காட்டிவிட்டது. தீயின் பேரொளி நம் கண்ணை நிறைத்துவிடுவதால், அதற்கு முன்னிருந்த அந்த எளிய செயலை நாம் போதிய அளவு போற்றுவதில்லை.

சிலம்பின் பரலும் ஜீனோவின் வாசிப்பும் ஒரே வகைச் செயல்கள். இரண்டும் மறைந்திருப்பதை வெளிப்படுத்துகின்றன. இரண்டிலும் அதிகாரம் வலிமையால் அன்றி உண்மை தெரியவருவதால் சரிகிறது. சுஜாதா சிலப்பதிகாரத்தை மனத்திற்கொண்டு எழுதினார் என்று நான் கூறவில்லை; அதற்குச் சான்றும் இல்லை. கொடுங்கோன்மையை எதிர்க்கும் கதையை ஒரு தமிழ் எழுத்தாளர் சொல்லும்போது கைக்கு எட்டும் தொலைவில் எத்தகைய மரபு இருக்கிறது என்பதையே சுட்டுகிறேன். ‘இலக்கியம் எங்கே’ என்ற வினாவிற்கு இதுவே என் விடை.

காத்திருத்தலின் கேடு

இவ்வளவும் கூறிய பின்னர், ‘என் இனிய இயந்திரா’வின் குறையையும் கூறுவதே நேர்மை. அக்கதையில் மக்கள் இல்லை; கூட்டம் மட்டுமே இருக்கிறது. ஜீவாவைப் போற்றிக் கூவிய அதே கூட்டம் அவன் வீழ்ந்தபின் நிலாவைப் போற்றுகிறது. நிலா அரசியாக்கப்படுகிறாள், அதிகாரமோ அவளிடம் இல்லை. இதன் தொடர்ச்சியான ‘மீண்டும் ஜீனோ’ இந்த முரணையே பேசுகிறது. ஒரு படிமம் போய் இன்னொரு படிமம் வருகிறது. அறிந்தது நாய் ஒன்று. அறியாமல் நின்றது நாடு. சுஜாதாவின் நம்பிக்கையின்மை இங்கே கூர்மையான அரசியல் விமரிசனமாகிறது. ஆனால் வாசகருக்கு அது விட்டுச்செல்வது மற்றொரு ஜீனோவுக்கான காத்திருப்பே.

காத்திருத்தல் தீங்கற்றது அன்று. ‘சக்திமான்’ ஒளிபரப்பான நாள்களில், அவன் வந்து காப்பான் என்று நம்பிச் சிறுவர்கள் உயிருக்கு ஆபத்தான செயல்களில் இறங்கியதாகச் செய்திகள் வந்தன. அப்பாத்திரத்தில் நடித்த முகேஷ் கன்னாவே குழந்தைகளுக்கு எச்சரிக்கை சொல்ல வேண்டியதாயிற்று. குழந்தைகளின் அறியாமை என்று அதனை ஒதுக்கிவிடலாம். பெரியவர்கள் வேறு பெயர்களில் அதே காத்திருப்பில் இருப்பதை ஒதுக்கிவிட முடியாது.

கடலூரின் திருப்பாதிரிப்புலியூரில் 1906இல் பிறந்த புதுமைப்பித்தன் இதனை முன்பே கண்டவர். ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ கதையில் கடவுளே சென்னைக்கு வந்து ஒரு குடும்பத்தில் தங்கிப் பார்க்கிறார். எல்லாம் வல்லவருக்கு அந்த வாழ்க்கை கைகூடவில்லை. தொலைவில் நின்று வரமளிப்பது வேறு, மனிதரோடு கூடி வாழ்வது வேறு என்னும் இடத்திற்குக் கதை வந்து சேர்கிறது. மீநாயகக் கதைகள் அனைத்திற்கும் எழுதப்பட்ட மறுப்புரையாக நான் அதனைப் படிக்கிறேன். மேலிருந்து வருபவர் மேலேயே திரும்பிவிடுகிறார். கந்தசாமிப் பிள்ளையோ சந்தாக் கணக்கோடு இங்கேயே இருக்க வேண்டியவர்.

குடிகாட்டு மக்களின் வாளி

கடலூரிலிருந்து சிதம்பரத்திற்குப் பேருந்தில் வருவோர் முதுநகரைக் கடந்ததும் சிப்காட் தொழிற்பேட்டையைக் காண்பர். அதனை ஒட்டிக் குடிகாடு, ஈச்சங்காடு, காரைக்காடு முதலிய ஊர்கள் உள்ளன. காற்றில் நச்சு கலந்துள்ளது என்பது அவ்வூர் மக்களின் நெடுநாளைய முறையீடு. முறையிட்டவர்களிடம் கேட்கப்பட்டது சிலப்பதிகார அவையில் கேட்கப்பட்டதே: சான்று எங்கே?

அம்மக்கள் யாருக்காகவும் காத்திருக்கவில்லை. சுற்றுச்சூழல் ஆர்வலர்களின் துணையோடு பயிற்சி பெற்றுச் ‘சிப்காட் பகுதிச் சமூகச் சுற்றுச்சூழல் கண்காணிப்பு’ என்னும் அமைப்பாகத் திரண்டனர். மூடியிட்ட சாதாரண வாளிக்குள் ஒரு பையைப் பொருத்திக் காற்றைப் பிடித்தனர். அதனை ஆய்வகத்திற்கு அனுப்பினர். கண்டறிந்தவற்றை 2004இல் அறிக்கையாக வெளியிட்டனர். அதோடு நில்லாமல், எந்த நேரத்தில், எந்த இடத்தில், எதைப் போன்ற வாடை வந்தது, உடலில் என்ன செய்தது என்று நாள்தோறும் குறித்துவைத்தனர்.

தமிழ்த்துறை மாணவன் என்ற முறையில் இந்த வாடைக் குறிப்புகள் என்னை ஆழமாக ஈர்க்கின்றன. சங்க நூல்களில் நாற்றம் என்பது நறுமணத்தைக் குறித்த சொல். பிற்காலத்தில் அது இழிந்த வாடைக்கே உரியதாயிற்று. ‘சொற்பொருள் இழிபு’ என்று இதனை வகுப்பில் படிக்கிறோம். ஒரு நச்சுவளியை அழுகிய பொருளின் வாடையிலிருந்து பிரித்தறிந்து, அதற்குத் தம் பேச்சுமொழியிலேயே ஓர் உவமையைத் தேடிச் சொல்லி, அது அறிவியல் அறிக்கையாவதற்கு வழிசெய்த மக்கள் மொழிக்குள் நிகழ்த்திய செயல் அதற்கு எதிர்த்திசையில் நடப்பது. முகம் சுளித்து ஒதுக்கும் ஒரு சொல்லை அவர்கள் சான்றாக உயர்த்தினர். உவமை அணி இங்கே அழகுக்காக நிற்கவில்லை. உயிர் காக்கும் அறிதற்கருவியாக நிற்கிறது.

சிக்கல் முற்றும் தீர்ந்துவிட்டதாக நான் கூறவில்லை. வாளி ஒன்றால் தொழிற்பேட்டை மாறிவிடுவதில்லை. ஆயினும் ஜீனோ தனித்துச் செய்த செயலை இங்கு ஊரார் கூடிச் செய்தனர். சுஜாதாவின் கேட்டுலகில் கூட்டமாக மட்டுமே நின்றவர்கள், கடலூரில் அறிபவர்களாக நின்றனர். தமிழில் இனி எழுதப்படும் கேட்டுலகத் தொடர் ஒன்று தொடங்க வேண்டிய இடம் இதுவே எனக் கருதுகிறேன்.

மறுப்பும் விடையும்

இதற்கு இரண்டு மறுப்புகள் எழலாம். முதலாவது, மீநாயகக் கதைகள் பொழுதுபோக்கிற்கானவை. அவற்றின்மீது இத்துணைச் சுமையை ஏற்றலாமா என்பது. குழந்தைக்கு வியப்பு தேவை என்பதை நான் மறுக்கவில்லை. நானும் போர்வையைத் தோளில் கட்டிக்கொண்டு சுழன்றவன்தான். ஆனால் ஒரு சமூகம் தன் எதிர்காலத்தைக் கற்பனை செய்யும் முறை, அது நிகழ்காலத்தில் என்ன செய்யத் துணியும் என்பதையும் வரையறுக்கிறது. எதிர்காலத்தில் காப்பவர் ஒருவரையே கண்டு பழகிய மனம், இன்று கையிலிருக்கும் வாளியைக் காண்பதில்லை.

இரண்டாவது மறுப்பு நம் துறை சார்ந்தது. தொலைக்காட்சித் தொடர் தமிழாய்வின் எல்லைக்குள் வருமா? கூத்தும் தெருப்பாடலும் தாலாட்டும் ஒருகாலத்தில் இதே வினாவை எதிர்கொண்டன. நாட்டார் வழக்காற்றியல் நம் பாடத்திட்டத்தில் இடம்பெற்றபோது தமிழ் சிறுத்துவிடவில்லை. நம் பார்வையே விரிந்தது. இன்று நூலக அடுக்கில் சுஜாதாவின் நாவல் இருக்கிறது. தொடருக்கு அடுக்கு இல்லை. உரையாடல் படிகளும் ஒளிப்பதிவு நாடாக்களும் அழியும் பொருள்கள். அச்சுக்கு முந்தைய சுவடிகளைத் தேடி உ.வே.சாமிநாதையர் நடந்த நடையை ஒவ்வோர் ஆண்டும் போற்றுகிறோம். நம் காலத்துச் சுவடிகள் நம் கண்ணெதிரே கரைவதைப் பார்த்துக்கொண்டிருப்பது அப்போற்றுதலுக்குப் பொருந்தாது. முதல் தலைமுறைப் பார்வையாளர்களின் நினைவுகளையேனும் வாய்மொழி வழக்காறாகக் கருதி இப்போதே தொகுக்கத் தொடங்கலாம். என் தந்தையைப் போன்றோர் ஒவ்வோர் ஊரிலும் இருக்கின்றனர்.

முடிவுரை

மீநாயகன் எவ்வளவு வலியவன் என்பதைவிட, அக்கதையில் யார் அறிகிறார்கள், அறிந்தது எவ்வளவு பேரைச் சென்றடைகிறது என்பதே கேட்டுலகப் புனைவை மதிப்பிடும் முதன்மையான வினாவாகும். இவ்வினாவின் முன் ‘என் இனிய இயந்திரா’ பாதி வழி வந்து நிற்கிறது. வலிமையின் இடத்தில் வாசிப்பை வைத்தது அதன் பெருமை. அந்த வாசிப்பை மக்களிடம் சேர்க்காமல் விட்டது அதன் குறை. மீதி வழியை எழுதும் பொறுப்பு படைப்பாளருடையது; அதற்குரிய சான்றுகளைத் தொகுத்துத் தரும் பொறுப்பு நம் துறையினுடையது.

அண்மையில் ஜீனோவின் கதையை என் தந்தைக்கு மீண்டும் முழுமையாகச் சொன்னேன். கேட்டு முடித்தபின் சற்று நேரம் அமைதியாக இருந்தார். பிறகு, “அவன் வெறும் வெளிச்சம்னு அந்த நாய் ஊருக்கெல்லாம் சொல்லிச்சா, தனக்குள்ளேயே வச்சுக்கிச்சா?” என்று கேட்டார். என் ஆய்வேட்டின் அடுத்த இயலை அந்த வினாவிலிருந்தே தொடங்கியிருக்கிறேன்.